சலில் சௌத்ரி

சலில் சௌத்ரி வங்காள, இந்தி, மலையாளப் படங்களின் இசையமைப்பாளர்; கவிஞர், கதாசிரியரும்கூட. பிறந்தது நவம்பர் 19. ஆண்டை மட்டும் 1922 என்றும் 1925 என்றும் நூல்கள் மாற்றிச் சொல்கின்றன. 1995 செப்டம்பர் 5இல் கல்கத்தாவில் காலமானார்.

இளமையின் பெரும்பகுதி அசாம் தேயிலைத் தோட்டங்களில் கழிந்தது. தோட்ட மருத்துவரான தந்தையிடம் மேற்கத்திய செவ்வியல் இசைத்தட்டுகள் நிறைய இருந்தன. வீட்டுக்குள் மொசார்ட்டும் பேத்தோவனும், வெளியே தொழிலாளர்களின் நாட்டுப்பாடல்களும் கேட்டு வளர்ந்தவருக்கு இதில் எது உயர்ந்தது என்ற கேள்வியே எழவில்லை போலும்.

1940களில் கல்கத்தாவில் படிக்கும்போது இந்திய மக்கள் நாடக மன்றத்தில் சேர்ந்து, விவசாயிகளின் போராட்டங்களுக்குப் பாட்டுக் கட்டினார். பலர் சேர்ந்து பாடும் அப்பாடல்கள்தாம் பல குரல்களை அடுக்கும் வித்தைக்கு அவருடைய பயிற்சிக்களம். பஞ்சத்தில் சிதைந்த கிராமத்தைச் சொல்லும் அவருடைய ‘காயேர் பொது’வை ஹேமந்த் முகர்ஜி பாடினார், 1949இல் வெளிவந்த அந்தப் பாடலுக்கு இசைத்தட்டின் இரு பக்கங்களும் தேவைப்பட்டன. அதே ஆண்டு ‘பரிவர்த்தன்’ வழியே வங்காளத் திரைக்கு வந்தார். பிமல் ராயின் ‘தோ பீகா ஜமீன்’ (1953) அவருடைய கதை, இசையும் அவருடையதே.

‘மதுமதி’ (1958) அவருக்கு ஃபிலிம்ஃபேர் விருது பெற்றுத் தந்தது. அதில் ஒரு பாடலின் மூலம் போலந்து நாட்டுப்பாடல். ‘சாயா’வில் (1961) தலத் மஹ்மூதும் லதாவும் பாடிய காதல் பாட்டின் பல்லவி, மொசார்ட்டின் 40ஆம் சிம்ஃபொனி தொடங்கும் மெட்டு. இந்த இரண்டையும் மட்டும் காட்டி அவரை எடைபோடுவது நியாயமல்ல. மெட்டை எடுத்தாள்வது யாராலும் முடியும். பாடகர் ஒரு வழியில் போக, அடியில் வயலின்களோ குழலோ தமக்கென வேறொரு மெட்டைப் பாடிக்கொண்டு போகும் அமைப்பில்தான் அவருடைய தனித்தன்மை இருக்கிறது. மேலே கேட்பது வங்க நாட்டுப்புற மெட்டாகவே இருக்கும். அதைத் தாங்கும் கட்டடம் ஐரோப்பியது. பாடலே இல்லாத ‘கானூன்’ (1960) படத்துக்குப் பின்னணி இசை அமைத்தவரும் அவர்தான்.

தெற்கே அவரை அழைத்து வந்தது ராமு காரியாட்டின் ‘செம்மீன்’ (1965). குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம் பெற்ற முதல் தென்னிந்தியப் படம் அது. அதன் பிறகு மலையாளம் அவரை விடவில்லை. தமிழில் அவர் இசையமைத்த படங்கள் குறைவு. பாலு மகேந்திராவின் ‘அழியாத கோலங்கள்’ (1979) அவற்றுள் முதன்மையானது. அடுத்த ஆண்டு ‘மூடுபனி’க்கு பாலு மகேந்திரா இளையராஜாவிடம் சென்றார். இளையராஜாவோ, இசையமைப்பாளர் ஆவதற்கு முன் சலிலின் வாத்தியக் குழுவில் கிட்டார் வாசித்தவர்.