பெலோவோ: தண்டவாளம் நின்ற ஊர்

ஓரியன்ட் எக்ஸ்பிரஸ் என்றால் பாரிஸ், இஸ்தான்புல் என்று இரு முனைகளைத்தான் சொல்வோம். நான் பேசப்போவது நடுவிலுள்ள பெலோவோவைப் பற்றி. பல்கேரியாவில் மரித்சா ஆற்றோரம் இருக்கும் சிற்றூர் அது.

1873இல், ஒட்டோமான் ஆட்சியில், இஸ்தான்புல்லிலிருந்து வந்த ரயில்பாதை இங்கே நின்றுவிட்டது. கட்டியவர் பாரோன் ஹிர்ஷ். அவருக்குக் கிலோமீட்டர் கணக்கில் பணம். அதனால் சமவெளியில் பாதையை வளைத்து நீட்டினார் என்று அன்றே பழி சொன்னார்கள். மேற்கே மலை. மலையேற அவருக்கு என்ன அவசரம்?

வகாரெல் வரை ஏறத்தாழ 50 கிலோமீட்டர்தான் பாக்கி. ஆனால் 1878இல் குறுக்கே எல்லை விழுந்தது. வகாரெல் பல்கேரியச் சிற்றரசில்; பெலோவோ சுல்தானுக்குட்பட்ட கிழக்கு ருமேலியாவில். 1883இல் ஓரியன்ட் எக்ஸ்பிரஸ் தொடங்கியபோது பயணிகள் டான்யூபைப் படகில் கடந்து, வர்னா துறைமுகத்தில் கப்பலேறித்தான் இஸ்தான்புல் போனார்கள்.

1885இல் இரு பகுதிகளும் இணைந்தன. பிறகு சுல்தான் அரசின் ஒப்பந்தத்தில் அந்த இடைவெளியில் பாதை கட்டப்பட்டது. 1888இல் ஸ்தம்போலோவ் அரசு அதைக் கைப்பற்றிக்கொண்டது. எனக்கு இது துணிச்சலாகத்தான் படுகிறது. பெயரளவில் பல்கேரியா அப்போதும் சுல்தானுக்குக் கீழ்ப்பட்ட நாடு.

அந்த ஆகஸ்டில் நேரடி ரயில் ஓடியது. 15 ஆண்டுகள் கடைசி நிலையமாக இருந்த பெலோவோ, வழியில் வரும் ஒரு நிலையமாயிற்று. இன்று பல்கேரியர்களுக்கு அது காகித ஆலை ஊர்.