எல்லினிக்கோ: விமானத்துறை பூங்காவாகும் வரலாறு

ஏதென்ஸ் என்ற பெயரைக் கேட்டவுடன் அக்ரோபொலிஸ் குன்றும், அதன் உச்சியில் நிற்கும் பார்த்தினன் கோயிலும், சோக்கிரதீசர் வாதம் புரிந்த வீதிகளுமே நம் நினைவுக்கு வருகின்றன. ஆயின் அந்நகரத்தின் சென்ற நூறாண்டுக் கால வரலாற்றை அறிய விரும்புவோர் குன்றின் மேல் ஏறவேண்டியதில்லை. நகருக்குத் தெற்கே, சரோனிக் குடாவின் கரையில் எல்லினிக்கோ என்றொரு வெளி உண்டு. பழந்தூண்களோ சிலைகளோ அற்ற அவ்வெளியில் நவீன கிரேக்கத்தின் இன்பதுன்பங்கள் யாவும் ஒன்றன்பின் ஒன்றாக வந்து தங்கிச் சென்றுள்ளன.

முதலில் வந்தோர் அகதிகள். 1922 ஆம் ஆண்டு சின்னாசியாவில் கிரேக்கப் படைகள் துருக்கியரிடம் தோல்வியுற்றன. மறு ஆண்டு லோசான் நகரில், துருக்கியில் வாழ்ந்த கிரேக்கக் கிறித்தவரும் கிரேக்கத்தில் வாழ்ந்த முஸ்லிம்களும் இடம் மாறுதல் வேண்டும் என உடன்படிக்கை செய்யப்பட்டது. கிரேக்கர் தரப்பில் நின்று பேசியவர் எலெப்தேரியோஸ் வெனிசெலோஸ் என்னும் அரசியல் அறிஞர். பத்து இலட்சத்துக்கும் அதிகமான மக்கள் வீடும் தோட்டமும் இழந்து கிரேக்க மண்ணை வந்தடைந்தனர். அவர்களுள் கருங்கடற்கரையிலுள்ள சூர்மேனா என்னும் ஊரவர் சிலர், அந்நாளில் ஹசானி என வழங்கிய இப்பகுதியில் குடியேறினர். தம் பழைய ஊரின் பெயரையே புதிய குடியிருப்பொன்றுக்கும் சூட்டினர். எல்லினிக்கோ என்ற சொல்லுக்குக் கிரேக்கருக்கு உரியது என்பது பொருள்.

அவர்கள் காலூன்றிய சில ஆண்டுகளுள், 1938 ஆம் ஆண்டில், அங்கு விமான நிலையம் அமைந்தது. சமதரையும் கடலின் அண்மையும் அதற்கு வாய்ப்பாயின. ஆனால் நாட்டவர் அதனை அமைதியாகப் பயன்படுத்தும் காலம் நீடிக்கவில்லை. 1941 இல் ஜேர்மனியப் படைகள் கிரேக்கத்தைக் கைப்பற்றியபோது விமான நிலையமும் அவர்கள் வசமாயிற்று. பின்னர் நேச நாடுகளின் குண்டுகளுக்கும் இலக்காயிற்று. போர் முடிந்தபின் அமெரிக்க விமானப் படை அதன் ஒரு பாகத்தில் தளம் அமைத்தது. அத்தளம் 1993 ஆம் ஆண்டு வரை நிலைத்திருந்தது.

ஏனைய பாகம் நாட்டின் வாயிலாக விளங்கிற்று. 1957 இல் கப்பல் அதிபர் அரிஸ்டோட்டில் ஒனாசிஸ் தொடங்கிய ஒலிம்பிக் விமான சேவை இங்கிருந்தே உலகெங்கும் பறந்தது. பின்லாந்திற் பிறந்து அமெரிக்காவிற் புகழ்பெற்ற கட்டடக் கலைஞர் ஈரோ சாரினென் வரைந்த கிழக்கு முனையக் கட்டடம், அவர் மறைந்து எட்டு ஆண்டுகளின் பின், 1969 இல் திறக்கப்பட்டது. 1974 யூலை 24 ஆம் நாளின் பின்னிரவில், பிரெஞ்சு சனாதிபதி அளித்த விமானத்தில் கொன்ஸ்தந்தீன் கரமன்லிஸ் இங்கு வந்திறங்கினார். ஏழாண்டுக் கால இராணுவ ஆட்சி வீழ்ந்து சனநாயகம் மீண்டதன் அடையாளம் அவ்வருகையே ஆகும்.

ஆயினும் ஏதென்ஸ் நகரம் வளர வளர, அந்நிலையம் வீடுகளின் நடுவே அகப்பட்டுக் கொண்டது. 2001 மார்ச் மாத இறுதியில் அது மூடப்பட்டது. ஸ்பாட்டா என்னுமிடத்திற் புதிய நிலையம் எழுந்தது. அதற்கு இடப்பட்ட பெயர் எலெப்தேரியோஸ் வெனிசெலோஸ் என்பதே. லோசானில் அகதிகளின் விதியை எழுதியோருள் ஒருவரின் பெயர் தாங்கிய நிலையம், அவ்வகதிகள் குடியேறிய மண்ணை விமானங்களின் இரைச்சலிலிருந்து விடுவித்தமை வரலாற்றின் வியத்தகு பொருத்தமாகும்.

இனி அவ்வெளி யாருக்கு உரியது? இவ்வினாவே அடுத்த இருபது ஆண்டுகளின் கதை. அதன் பரப்பு ஏறத்தாழ 620 ஹெக்டேயர், அதாவது 1,500 ஏக்கருக்கும் அதிகம். கடற்கரையின் நீளம் மூன்றரைக் கிலோமீற்றர். ஐரோப்பியத் தலைநகர்களுள் மரநிழல் மிகக் குறைந்தவற்றுள் ஒன்று ஏதென்ஸ். ஆதலின் அங்கே பெரும் பூங்கா அமைதல் வேண்டும் என்பது மக்கள் விருப்பம். அரசாங்கங்களும் அவ்வாறே வாக்களித்தன. 2004 ஆம் ஆண்டு ஒலிம்பிக் விளையாட்டுக்காக விமானக் கொட்டகைகள் அரங்குகளாயின. ஓடுபாதை அருகே, கடல்நீரைப் பாய்ச்சி, ஓடப்போட்டிக்கான செயற்கை ஆறும் உருவாயிற்று. விழா முடிந்ததும் புல் முளைத்தது. பூங்கா முளைக்கவில்லை.

பின்னர் கடன் நெருக்கடி நாட்டைப் பற்றிற்று. வேலையும் காப்புறுதியும் இழந்தோர்க்கு இலவச மருத்துவம் செய்யும் தொண்டர் மருத்துவ நிலையம் ஒன்று, 2011 ஆம் ஆண்டின் இறுதியில், பழைய அமெரிக்கத் தள நிலத்தில் இயங்கத் தொடங்கியது. 2014 இல் அரசு, கடன் கொடுத்தோரின் நெருக்குதலுக்கு இடையில், அந்நிலத்தைக் கட்டியெழுப்பும் உரிமையை 915 மில்லியன் யூரோவுக்குத் தனியார் நிறுவனம் ஒன்றுக்கு அளிக்க உடன்பட்டது. வேலைவாய்ப்பும் வருவாயும் பெருகும் என்றனர் ஆதரித்தோர். விலை குறைவு, பொதுமக்களின் கடற்கரை செல்வருக்கு உரியதாகிவிடும் என்றனர் எதிர்த்தோர். வழக்கும் வாதமுமாக ஆண்டுகள் கழிந்தன.

அவ்விடைக்காலத்திலும் வெளி வெறுமையாய் இருக்கவில்லை. 2015, 2016 ஆம் ஆண்டுகளில் கடல் கடந்து வந்த அகதிகளுள் மூவாயிரத்துக்கு மேற்பட்டோர், பெரும்பாலும் ஆப்கானியர், சாரினென் கட்டிய முனையத்திலும் பாழடைந்த விளையாட்டரங்குகளிலும் தங்கினர். விமானங்களின் நேரத்தைக் காட்டிய பலகைகளின் கீழே கூடாரம் அடித்துக் குழந்தைகளை உறங்கவைத்தனர். ஏறத்தாழ நூறு ஆண்டுகளுக்கு முன் சூர்மேனாவினின்று வந்தோரின் வழித்தோன்றல்கள் அயலில் வாழ்ந்திருக்க, வேறு நாட்டார் அதே மண்ணில் புகலிடம் தேடினர். 2017 யூன் மாதத்தில் அவர்கள் அங்கிருந்து அகற்றப்பட்டனர்.

2020 இல் பழைய கட்டடங்களை இடிக்கும் பணி தொடங்கியது. சாரினெனின் முனையம் இடிபடாமற் காக்கப்பட்டது. 2021 டிசெம்பரில் பூங்காவின் சிறு பகுதி மக்களுக்குத் திறக்கப்பட்டது. ஓடுபாதையிலிருந்து பெயர்த்த கொங்கிறீற்றுப் பாளங்கள் அங்கே இருக்கைகளாகவும் நடைபாதைகளாகவும் பயன்படுகின்றன. முழுத் திட்டத்தின்படி பூங்காவுக்கென ஒதுக்கப்பட்டது ஏறத்தாழ 200 ஹெக்டேயர். எஞ்சிய நிலத்தில் உயர்ந்த மாடங்களும் வணிக மண்டபங்களும் எழுகின்றன. அவற்றுள் கடலோரக் கோபுரம் ஒன்று 200 மீற்றர் உயரத்தை எட்டும். வாக்களித்த நிலம் முழுவதும் கிடைக்கவில்லை. ஆயின் ஒன்றும் கிடைக்கவில்லை என்று கூறவும் இயலாது.

பொதுநிலம் ஒன்று பூங்காவாதல் மரம் நடுவதால் மட்டும் நிறைவேறுவதன்று. அயலூர்ச் சிறுவனும் முதிய அகதியின் பேரனும் காசு கொடாமலும் அனுமதி கேளாமலும் கடற்கரை வரை நடந்து செல்லக் கூடுமாயின், அப்போதே அது பூங்காவாகும். எல்லினிக்கோ அச்சோதனையில் தேறுமா என்பதை வருங்காலத்தில் அதன் வாயில்களே காட்டும். துன்புற்றோர்க்கு இடமளித்த மண் அது. கிரேக்கருக்கு உரியது என்ற தன் பெயரை அது காத்துக்கொள்ளுமாக.