சிந்தாமணி ரகுநாதாச்சாரி

சிந்தாமணி ரகுநாதாச்சாரி (மறைவு: 5 பிப்ரவரி 1880) சென்னை நுங்கம்பாக்கம் வானாய்வுக்கூடத்தில் முதல் உதவியாளர் பதவி வரை உயர்ந்த வானியலர், கண்ணால் காணும் வானத்தோடு ஒத்துப்போகக் கணிக்கும் திருக்கணிதப் பஞ்சாங்கம் தமிழ்நாட்டில் வேரூன்றக் காரணமானவர். பஞ்சாங்கம் கணிக்கும் குடும்பத்தில் பிறந்து, அந்தக் கணக்கையே திருத்த முற்பட்டதால் பழைய முறையினரின் கடும் எதிர்ப்பைச் சந்தித்தார்.

வாக்கியமும் திருக்கணிதமும்

எதிர்ப்பின் காரணம் புரிய, பழைய முறையான வாக்கிய முறையை முதலில் அறிய வேண்டும். சந்திரன் ஒவ்வொரு நாளும் வானில் நிற்கும் இடத்தை 248 சிறு வாக்கியங்களில் பொதித்து வைத்தது தென்னாட்டு மரபு. எழுத்துகளே எண்களாக நிற்கும் கடபயாதி முறையில் அமைந்த இவற்றை வரருசி இயற்றியதாகச் சொல்வர். 248 நாளில் சந்திரன் பூமிக்கு மிக அருகில் வந்து செல்லும் சுற்று ஒன்பது முறை நிறைவடைகிறது. எனவே அதே வரிசை மீண்டும் பயன்படும். வாக்கியங்கள் மனப்பாடமானால் போதும், ஏடும் எழுத்தாணியும் வேண்டாம்.

இதன் திறம் ஐரோப்பியரையும் வியக்க வைத்தது. 1769ஆம் ஆண்டு வெள்ளிக் கோள் சூரியனைக் குறுக்கே கடக்கும் இடைநகர்வைக் காணப் புதுச்சேரி வந்த பிரெஞ்சு வானியலர் லெ ழாந்தீ, இங்குள்ள தமிழரிடம் கிரகணம் கணிக்கக் கற்றார். 1825இல் ‘கால சங்கலிதம்’ என்ற நூலை வெளியிட்ட ஜான் வாரன், அவ்வாண்டுச் சந்திர கிரகணத்தைப் புதுச்சேரிப் பஞ்சாங்கக்காரர் ஒருவர் தரையில் சோழிகளைப் பரப்பிக் கணித்ததைப் பதிவு செய்திருக்கிறார். தொடக்கத்தில் 4 நிமிடம், நடுவில் 23 நிமிடம், முடிவில் 52 நிமிடம் மட்டுமே பிசகின. காகிதமில்லாமல், தொலைநோக்கி இல்லாமல் பெற்ற விடை இது. வாக்கிய முறையை வெறும் மூடப்பழக்கமென ஒதுக்குவோர் இந்தக் கணக்கைப் பார்க்க வேண்டும்.

ஆனால் கிரகணம் அமாவாசையிலோ பௌர்ணமியிலோதான் வரும். சந்திரனின் வேக மாறுபாடுகளில் முதன்மையான ஒன்றை மட்டுமே வாக்கியம் கணக்கில் கொள்கிறது. அந்த அளவு அமாவாசை, பௌர்ணமிகளுக்குப் பொருந்துமாறு அமைந்தது. அஷ்டமியை ஒட்டிய நாட்களில் அது போதாது. சில சமயம் பத்து நாழிகை, அதாவது நான்கு மணி நேரம் வரை திதி தள்ளிப்போகும். ஆகவே அழகர் வைகையில் இறங்கும் சித்ரா பௌர்ணமியைப் பொறுத்தவரை வாக்கியம், திருக்கணிதம் என்ற இரு பஞ்சாங்கமும் பெரிதும் ஒத்துப்போகும். அஷ்டமித் திதியில் திவசம் கொடுப்பவருக்கோ நாளே மாறிவிடக்கூடும்.

சாஸ்திர வாதமும் இங்கேதான் எழுந்தது. அறுபது நாழிகையை ஒட்டிய திதி ஐந்து நாழிகைக்கு மேல் வளராது, ஆறு நாழிகைக்கு மேல் குறையாது என்பது பழைய வரம்பு. இதற்குப் பாணவிருத்தி ரசக்ஷயம் என்று பெயர். கண்ணால் கண்டு சரிபார்த்த திதியோ ஏழு வரை வளர்கிறது, பத்து வரை குறைகிறது. பழைய முறையினர் வரம்பைக் காட்டி வானத்தை மறுத்தனர். ரகுநாதாச்சாரி வானத்தைக் காட்டி வரம்பை மறுத்தார். முன்னோர் சித்தாந்தங்களே கணக்கும் காட்சியும் ஒத்திருக்க வேண்டும் என்று வலியுறுத்துவதால், மரபுக்கு உண்மையாக நின்றவர் ரகுநாதாச்சாரியே.

வானாய்வுக்கூடப் பணி

கிழக்கிந்தியக் கம்பெனியின் நுங்கம்பாக்கம் கூடம் 1792இல் எழுந்தது. அதன் கருங்கல் தூணில் தமிழ், தெலுங்கு உள்ளிட்ட மொழிகளில் கல்வெட்டு உண்டு. ரகுநாதாச்சாரி ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் அங்கு உழைத்தார். 1861இல் பொறுப்பேற்ற நார்மன் போக்சன் காலத்தில் நடந்த விண்மீன் அட்டவணைப் பணியில் பெரும்பங்கு அவருடையது. 1867இல், தென்வானில் தாழ்வாகத் தெரியும் ரெட்டிகுலம் தொகுதியில் ஒரு விண்மீனின் ஒளி கூடிக்குறைவதைக் கண்டறிந்தார்; அது இன்று ஆர் ரெட்டிகுலி எனப்படுகிறது. 1868 ஆகஸ்ட் 18 சூரிய கிரகணத்துக்குப் போக்சன் மசூலிப்பட்டினம் செல்ல, இவர் வனபர்த்திக்குச் சென்றார். 1872இல் லண்டன் ராயல் வானியல் கழகத்தின் உறுப்பினரானார். அப்பெருமை பெற்ற முதல் இந்தியர்களில் ஒருவர்.

1874 டிசம்பர் 9 வெள்ளி இடைநகர்வை மக்களுக்கு விளக்க, ஒரு சித்தாந்தியோடு உரையாடுவது போல நூல் எழுதினார். அது இந்திய மொழிகள் பலவற்றில் வந்தது. ‘ஜோதிஷ சிந்தாமணி’ என்ற விரிவான நூலுக்கும் திட்டமிட்டார். ஆங்கில நாட்டிக்கல் அல்மனாக்கைத் துணைக்கொண்டு அவர் ஆண்டுதோறும் வெளியிட்ட திருக்கணிதப் பஞ்சாங்கமே வாழ்நாளின் பெரும்பணி.

ஊர் நேரம்

பஞ்சாங்கத்தின் நாழிகை உதயம் முதல் எண்ணப்படுவது. அதனால் எந்த ஊர் உதயம் என்ற கேள்வியும் சேர்ந்தே வரும். சென்னைக்கு மேற்கே ஏறக்குறைய இரண்டேகால் பாகை தள்ளி, மதுரையை அடுத்துள்ள வாடிப்பட்டியில், சென்னையில் உச்சிப்பொழுதாகி ஒன்பது நிமிடம் கழித்தே சூரியன் உச்சிக்கு வரும். நுங்கம்பாக்கம் கூடம் கணித்த சென்னை நேரத்தைத்தான் ரயில்வேயும் கைக்கொண்டது. 1870களில் மதுரை வரை ரயில் வந்தபோது அந்த நேரமும் வந்தது. 1905-06இல் இந்தியப் பொது நேரம் ஏற்கப்பட்ட பின் வாடிப்பட்டியின் சராசரி உச்சி 12 மணி 18 நிமிடத்தை ஒட்டி அமைந்தது.

இன்றைய நிலை

1899இல் வானாய்வுப் பணி கொடைக்கானலுக்கு மாறியது. திருக்கணிதமும் வாக்கியமும் இரண்டும் இன்றும் அச்சாகின்றன. பாம்புப் பஞ்சாங்கம் வாக்கிய முறையது. திருநள்ளாறு கோயிலும் வாக்கியத்தையே பின்பற்றுவதால் அங்கே சனிப்பெயர்ச்சி 2023 டிசம்பர் 20இல் நடந்தது, திருக்கணிதப்படி அது அவ்வாண்டு ஜனவரி 17.