மலைகள் எங்கே இருக்கின்றன?

பள்ளிக்கூடத்தில் பூமிசாத்திரம் படித்த நாட்களில் மலைத்தொடர்களை மனனம் செய்தோம். ஆசியாவில் இமயம், தென்னமெரிக்காவின் மேற்குக் கரையோரம் அந்தீஸ், ஐரோப்பாவின் நடுவே அல்ப்ஸ், வட ஆபிரிக்காவில் அட்லஸ். எமது வயல்களுக்கு மேற்கே நீலமாய்த் தெரிந்த மலைகள் அந்தப் பட்டியலில் இருக்கவில்லை. இறக்காமத்தின் வரலாறோ அவற்றோடு பின்னிக் கிடக்கிறது.

போர்த்துக்கேயர் தமது ஆட்சிப்பகுதியிலிருந்து துரத்திய முஸ்லிம்களுக்கு 1626இல் மலைநாட்டின் மன்னன் செனரத் அடைக்கலம் கொடுத்தான். அவர்களில் சுமார் 4,000 பேரை மட்டக்களப்புப் பகுதியில் குடியேற்றியதாகப் போர்த்துக்கேயப் பாதிரியார் குவைரோஸ் எழுதியிருக்கிறார். இக்கரை முஸ்லிம்கள் எல்லோரும் அப்படி வந்தவர்கள் என்று சொல்லிவிட முடியாது. ஆனாலும் மலையரசுக்கும் எமக்கும் இருந்த உறவுக்கு அது ஒரு சாட்சி.

வயலுக்கான தண்ணீரும் மலை தந்ததே. பட்டிப்பளை ஆறு பதுளைக்குக் கிழக்கேயுள்ள மலைகளில் பிறந்து கல்முனைக்குத் தெற்கே கடலில் சேர்கிறது. 1949இல் கல்லோயாத் திட்டம் தொடங்கியது. இங்கினியாகலையில் அணை எழுந்து சேனநாயக்க சமுத்திரம் உருவானது. நீரோடு புதிய குடியேற்றங்களும் வந்தன. 1956இல் கல்லோயாவில் தமிழரின் இரத்தம் சிந்தியது. 1961இல் அம்பாறை தனி மாவட்டமானது. அன்றிலிருந்து காணி எமது அரசியலின் நடுப்பொருளாகிவிட்டது.

2016 ஒக்டோபரில் அந்தக் காணிக் கவலை ஒரு சிறு குன்றின் உச்சிக்கு ஏறியது. இறக்காமம் மாணிக்கமடுவின் மாயக்கல்லி மலையில் புத்தர் சிலையொன்று வைக்கப்பட்டது. தமிழரும் முஸ்லிம்களும் அருகருகே வாழும் இடம் அது. இக்குன்றுகளில் பழைய பௌத்தச் சின்னங்கள் இருப்பதை மறுக்க வேண்டியதில்லை. அவை இந்நாட்டின் பொதுச்சொத்து. ஆய்வு செய்யப்படட்டும், பாதுகாக்கப்படட்டும். ஆனால் ஒரு பழங்கல், அடிவாரத்தில் இன்று உழுபவனின் உரிமையை ரத்துச் செய்யும் உறுதிப்பத்திரம் ஆகாது.

இதே நாட்டில் வேறொரு மலையும் உண்டு. 2,243 மீற்றர் உயரமான பாவா ஆதம் மலையின் பாதச்சுவட்டைப் பௌத்தர் புத்தருடையது என்பர், இந்துக்கள் சிவனுடையது என்பர், நாம் ஆதம் நபியுடையது என்போம். 1344இல் இங்கு வந்த இப்னு பதூதா அட்லஸ் மலைகளின் நாட்டவர். இந்துகுஷ் மலையையும் கடந்தவர். ஆரியச் சக்கரவர்த்தி அந்த முஸ்லிம் பயணிக்குத் துணையாக நான்கு யோகிகளையும் மூன்று பிராமணரையும் அனுப்பியதாக அவரது பயணநூல் கூறுகிறது. ஒரே பாதையில் ஏறினார்கள். எவருடைய நம்பிக்கையும் அதனால் தேய்ந்துவிடவில்லை.

மாயக்கல்லி எந்த உலகப் படத்திலும் இல்லை. அதன் அடிவாரத்து மக்களின் கதையும் அநேகமாக எழுதப்படவில்லை. முதியோர் நினைவிலும் வீட்டுப் பெட்டிகளிலும் கிடக்கும் காணிச் சான்றுகளை நாமே திரட்டி எழுதவேண்டும். நாம் எழுதாமல் விட்டால், அந்த மலை எங்கே, யாருக்காக இருக்கிறது என்பதை வேறெவரோ எழுதிவிடுவர்.