அயல்மொழியில் பாடிய ஸ்வீடன் பாடகர்



1965-ஆம் ஆண்டு மார்ச் மாதம் 20-ஆம் நாள் இரவு. இத்தாலி நாட்டின் நேப்பிள்ஸ் நகரில் ஐரோப்பிய ஒலிபரப்பு நிலையங்கள் ஒன்றுகூடி ஆண்டுதோறும் நடத்தும் பாட்டுப் போட்டி நடந்துகொண்டிருந்தது. 18 நாடுகள் கலந்துகொண்டன. 1956-இல் அப்போட்டி தொடங்கிய நாளிலிருந்து ஒவ்வொரு நாட்டுப் பாடகரும் தத்தம் நாட்டு மொழியிலேயே பாடி வந்தனர். எழுதப்பட்ட விதி ஒன்றும் இல்லை. வேறு விதமாகப் பாடலாம் என்று எவருக்கும் தோன்றவில்லை, அவ்வளவுதான். அன்று ஸ்வீடன் நாட்டின் சார்பில் மேடையேறிய 33 வயதுப் பாடகர் ஆங்கிலத்தில் பாடினார். மெல்லிசை மேடைக்கு அவர் புதியவர். ஸ்டாக்ஹோம் அரச இசை நாடக அரங்கின் பாடகர் அவர். பெயர் இங்வார் விக்ஸெல். அவருக்குக் கிடைத்தவை 6 புள்ளிகள், பத்தாவது இடம்.

ஒரு பாட்டுப் போட்டியில் பத்தாவது வந்தவரைப் பற்றி வானொலியில் பேசுவானேன் என்று மாணவ நண்பர்கள் கேட்கலாம். அந்த ஆங்கிலப் பாட்டுக்குப் பின்னால் ஏறக்குறைய 200 ஆண்டு வரலாறு ஒன்று இருக்கிறது. சிறிய மொழி ஒன்றில் பிறந்த கலைஞன் எந்த மொழியில் பாடுவது என்னும் கேள்வியின் வரலாறு அது. அதைச் சொல்ல வேண்டுமானால் முதலில் ஓர் அரசனைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

ஸ்வீடன் அரசன் மூன்றாம் குஸ்தாவ் 1771-இல் பட்டத்துக்கு வந்தான். அரசவையில் அப்போது பிரெஞ்சு நாடகக் குழு ஒன்று இருந்தது. பிரெஞ்சு மொழியையும் பண்பையும் மிக விரும்பிய இவ்வரசன்தான், வியப்பு என்னவென்றால், அக்குழுவை அனுப்பிவிட்டு, ஸ்வீடிஷ் மொழியில் பாடும் இசை நாடகம் வேண்டும் என்று முனைந்தான். அம்மொழி பாட்டுக்கு ஏற்றதன்று என்பது அன்றைய கற்றோர் பலரின் கருத்து. 1773-ஆம் ஆண்டு ஜனவரி 18-ஆம் நாள், பந்தாட்டத்துக்காகக் கட்டப்பட்ட பழைய கூடம் ஒன்றில் முதல் ஸ்வீடிஷ் இசை நாடகம் அரங்கேறியது. அதற்கு இசை அமைத்தவர் உத்தீனி என்னும் இத்தாலியர். சொற்கள் மட்டும் ஸ்வீடிஷ். சொந்த மொழிக்கு இசை செய்ய அயலாரை அழைக்க நேர்ந்ததில் அரசன் குறையொன்றும் காணவில்லை. எனக்கும் அது குறையாகத் தோன்றவில்லை.

1782-இல் அவன் கட்டிய பெரிய அரங்கு திறக்கப்பட்டது. பத்து ஆண்டுகளுக்குப் பின், 1792 மார்ச் 16-ஆம் நாள் இரவு, அதே அரங்கில் நடந்த முகமூடி நடனத்தில் ஆங்கர்ஸ்ட்ரெம் என்னும் பிரபு அரசனை முதுகுப்புறமிருந்து கைத்துப்பாக்கியால் சுட்டான். 13 நாட்கள் வேதனையுற்று, மார்ச் 29-இல் அரசன் இறந்தான். தன் மொழிக்கு அவன் எடுத்துக் கொடுத்த வீடே அவனுக்குக் கொலைக்களமாயிற்று.

இக்கொலைக் கதை பிற்பாடு நாடகமாயிற்று. இத்தாலிய இசை மேதை வெர்டி அதை நேப்பிள்ஸ் நகரத்துக்காக இசை நாடகமாக்கினார். ஆனால் 1858 ஜனவரியில் பாரிஸ் நகரில் மூன்றாம் நெப்போலியன் மீது குண்டு வீசப்பட்டிருந்த சமயம் அது. அரசன் ஒருவன் மேடையில் கொல்லப்படுவதை நேப்பிள்ஸ் தணிக்கையாளர் எங்ஙனம் பொறுப்பர்? வெர்டி மறுத்துவிட்டு ரோம் நகருக்குப் போனார். அங்கும் ஸ்வீடன் அரசனைப் பாஸ்டன் நகர ஆளுநராக மாற்றிய பிறகே, 1859 பிப்ரவரியில் அது மேடையேறியது. நூறு ஆண்டுகள் கழித்து, 1958-இல், ஸ்டாக்ஹோம் அரங்கு கதையைத் திரும்ப ஸ்வீடன் அரசவைக்கே கொண்டுவந்து நடித்தது. கொலை நடந்த பழைய கட்டடம் 1892-இல் இடிக்கப்பட்டது. 1898-இல் அதே இடத்தில் எழுந்த புதிய அரங்கில்தான் இந்த நாடகம் நடந்தது.

விக்ஸெல் சேர்ந்தது அந்த அரங்கில்தான்.

1931 மே 7-ஆம் நாள், ஸ்வீடனின் வட கோடியில், குளிர்காலத்தில் கடல் உறைந்துவிடும் லூலியோ என்னும் துறைமுக நகரில் அவர் பிறந்தார். 1955-இல் மோசார்ட்டின் ‘மாயக் குழல்’ நாடகத்தில் பறவை பிடிக்கும் பாப்பகேனோவாக ஸ்டாக்ஹோமில் அவர் அரங்கேற்றம் நடந்தது. அவர் குரல் பாரிடோன் வகையைச் சேர்ந்தது. ஆண் குரலில் உச்சத்தில் நிற்பது டெனர். அடியில் ஒலிப்பது பாஸ். இவற்றுக்கு இடைப்பட்டது பாரிடோன். காதலனாக வருவது பெரும்பாலும் டெனருக்கே உரியது. தந்தை, பகைவன், துரோகி, மனம் புண்பட்ட நண்பன் ஆகியோர் பாரிடோனின் பங்கு. வெர்டி இக்குரலுக்குத் தன் நெஞ்சின் ஆழத்தையே கொடுத்தார் என்பது என் எண்ணம்.

ஸ்டாக்ஹோம் அரங்குக்குப் பாரிடோன்கள் புதியவர் அல்லர். 1924 முதல் 1939 வரை அதன் தலைவராய் இருந்த ஜான் ஃபோர்ஸெல், படை அதிகாரியாக இருந்து பாடகரானவர். உலகப் புகழ் பெற்ற யூஸி பியோர்லிங்குக்குப் பாட்டுச் சொல்லிக் கொடுத்தவர். ஆனால் ஒன்றை நாம் கவனிக்க வேண்டும். அக்காலத்தில் மேடைக்கு மேலே மொழிபெயர்ப்பைக் காட்டும் எழுத்துப் பலகை கிடையாது. 1983-இல் கனடாவில்தான் அது முதன்முதலாக வந்தது. ஆகவே மக்களுக்குக் கதை புரிய வேண்டுமானால் மக்கள் மொழியில் பாட வேண்டும். வெர்டியையும் மோசார்ட்டையும் ஸ்டாக்ஹோமில் ஸ்வீடிஷ் மொழியிலேயே பாடுவது நெடுநாள் வழக்கமாக இருந்தது. வெளிநாட்டு அழைப்பு வந்தால் பாடகர் அதே வேடத்தை இத்தாலிய மொழியிலோ ஜெர்மன் மொழியிலோ மீண்டும் பாடம் செய்ய வேண்டும். மூச்சு விடும் இடம் மாறும். உச்ச சுரத்தில் நிற்கும் உயிரெழுத்து மாறும். பாடிப் பழகியோர்க்கே இதன் கடினம் தெரியும்.

இனி 1965-க்கு வருவோம். அவ்வாண்டு ஸ்வீடன் வானொலியினர் புதுமை ஒன்று செய்தனர். நேப்பிள்ஸுக்கு அனுப்பும் பாட்டைத் தேர்ந்தெடுக்க ஆறு பாடல்கள் வைத்து, ஆறையும் விக்ஸெல் ஒருவரையே பாடச் செய்தனர். பாடகரின் கவர்ச்சி தீர்ப்பைத் திருப்பாமல், பாட்டும் பாட்டும் நேரே மோத வேண்டுமானால் இதைவிட நல்ல முறை எனக்குத் தெரியவில்லை. வென்றது, டாக் வீரேன் இசையமைத்து ஆல்ஃப் ஹென்ரிக்ஸன் எழுதிய பாடல். வீரேன் தந்தி வாத்தியங்களுக்கான ஒரு சிறு படைப்பினால் பெயர் பெற்ற சாஸ்திரீய இசையாளர், ஹென்ரிக்ஸன் கவிஞர். ‘வேறெங்கோ ஓரிடத்து வால்ஸ்’ என்பது தலைப்பின் பொருள். வேறெங்கோ என்ற பெயர் கொண்ட அப்பாட்டு, வேறு நாட்டு மேடையில், வேறு மொழியில் ஒலித்தது. பலருக்கும் விளங்கட்டும் என்ற எண்ணம் அதற்குக் காரணமாயிருக்கலாம். அரசனின் கதையை ஒரு காலத்தில் மறுத்த அதே நேப்பிள்ஸில் அது நடந்தது என்பதை நினைக்கும்போது எனக்குச் சிரிப்பும் வருகிறது.

அடுத்த ஆண்டு, 1966 முதல், ஒவ்வொரு நாடும் தன் மொழிகளுள் ஒன்றிலேயே பாட வேண்டும் என்ற விதி ஏற்பட்டது. ஒரு பாடகரின் மூன்று நிமிடப் பாட்டு எழுதாத வழக்கத்தை எழுதிய சட்டமாக்கிற்று. 1973-இல் அவ்விதி தளர்ந்தது, 1977-இல் மீண்டது, 1999-இல் நீங்கிற்று. அதன் பின் பெரும்பாலான நாடுகள் எந்த மொழியை நாடின என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை. பலர் அந்த விதியைக் குறுகிய மனத்தின் செயல் என்பர். எனக்கு அவ்வளவு எளிதாகத் தீர்ப்புச் சொல்ல வரவில்லை. சிறிய மொழி ஒன்று, கேட்கும் கோடிப் பேருக்குப் புரியாதபோதும், ஐரோப்பா முழுவதும் ஒலிக்க அவ்விதி ஆண்டில் ஒரு நாளாவது வழி செய்தது. மறுபுறம், புரியாத பாட்டுக்கு வாக்களிக்கச் சொல்வதும் நியாயமில்லைதான்.

விக்ஸெலின் வாழ்வு அப்போட்டியோடு நிற்கவில்லை. 1967-இல் அவர் மேற்கு பெர்லின் இசை நாடக அரங்கில் சேர்ந்தார். 1971-இல் பைராய்ட் விழாவில் வாக்னர் நாடகத்தில் பாடினார். 1973-இல் நியூயார்க் மெட்ரோபாலிடன் அரங்கில் வெர்டியின் ‘ரிகொலெட்டோ’வாக வந்தார். ஆங்கிலேய இசை நடத்துநர் காலின் டேவிஸ் அவரை மீண்டும் மீண்டும் ஒலிப்பதிவுகளுக்கு அழைத்தார். அவற்றுள் ஒன்று வெர்டியின் முகமூடி நடன நாடகம். அதில் விக்ஸெல் ஏற்றது கொலைகாரனின் வேடம். மூன்றாம் குஸ்தாவ் நிறுவிய அரங்கிலிருந்து புறப்பட்ட பாடகர், அவனைக் கொன்றவனின் நெஞ்சக் குமுறலை இத்தாலிய மொழியில் பாடினார். அவ்விசைத்தட்டை நான் பலமுறை கேட்டிருக்கிறேன். அவர் குரலில் இத்தாலியக் குரல்களின் வெதுவெதுப்பு குறைவுதான். இறுகி, நேராக, சற்றே அதிர்ந்து வருவது. ஆனால் ஒவ்வொரு சொல்லும் தெளிவாகக் காதில் விழும். கேட்போர்க்குச் சொல் புரிய வேண்டும் என்று பாடிய அரங்கில் வளர்ந்ததன் பயன் இது என்றே நான் கொள்கிறேன்.

1982-இல் ழான்-பியேர் பொன்னெல் ‘ரிகொலெட்டோ’வைத் திரைப்படமாக்கினார். கூனனான அரசவை விதூஷகன் ரிகொலெட்டோ. பெண்பித்தனான பிரபுவாகப் பாவரொட்டி. ரிகொலெட்டோவின் மகளாக எடிடா க்ரூபெரோவா. தன் மகள் கெடுக்கப்பட்டதற்கு நீதி கேட்டு வருகிறார் மோன்தெரோனே என்னும் முதியவர். ரிகொலெட்டோ அவரை ஏளனம் செய்கிறான். முதியவர் சபிக்கிறார். சாபம் பலித்து, ரிகொலெட்டோவின் மகளே மாள்கிறாள். மேடையில் இவ்விரு வேடங்களையும் இருவர் பாடுவர். இருவரும் ஒரே காட்சியில் எதிரெதிரே நிற்பதால் வேறு வழியில்லை. திரைப்படத்திலோ பாட்டை முன்னரே பதிவு செய்துகொண்டு பிறகு நடிக்கலாம். பொன்னெல் இரு வேடங்களையும் விக்ஸெலுக்கே தந்தார். சபிப்பவனும் அவரே, சபிக்கப்படுபவனும் அவரே. மகளை இழந்த ஒரு தந்தையைப் பார்த்து, மகளை இழக்கப்போகும் மற்றொரு தந்தை சிரிக்கிறான். இருவர் முகமும் ஒன்று. வாய்ப்புக் கிடைக்கும் மாணவர்கள் அக்காட்சியைப் பார்க்க வேண்டும். மொழி தெரியாவிட்டாலும் குற்றமில்லை. நானும் இத்தாலிய மொழி அறியாதவன்தான்.

விக்ஸெல் 2011 அக்டோபர் 8-ஆம் நாள், ஸ்வீடனின் தென் கோடியிலுள்ள மால்மோ நகரில் காலமானார்.