மறுத்துரைக்காத காதலி

மனிதன் தான் படைத்த உருவத்தின்மீதே காதல் கொள்வது பழங்கதை. உரோமப் புலவர் ஓவிட் பாடிய பிக்மாலியன், தான் தந்தத்தில் வடித்த பாவையை நேசித்தான். வீனஸ் தெய்வம் அதற்கு உயிரளித்தது. அங்கே அருள் உண்டு, பொறி இல்லை. பொறியே காதலியாக வருவதைக் காண நாம் 1816ஆம் ஆண்டில் வெளிவந்த, ஜெர்மானிய எழுத்தாளர் ஹோஃப்மானின் ‘மணல் மனிதன்’ என்னும் கதைக்குச் செல்ல வேண்டும்.

மாணவன் நத்தானியேல், பேராசிரியர் ஒருவரின் மகளெனக் காட்டப்பட்ட ஒலிம்பியாவைத் தொலைநோக்கி வழியே கண்டு மயங்குகிறான். அவள் ‘ஆ, ஆ’ என்பதற்கு மேல் ஏறக்குறைய ஒன்றும் மொழிவதில்லை. அவன் மணிக்கணக்கில் கவிதை படிக்கிறான். அவள் கொட்டாவி விடாமல் கேட்கிறாள். ஆனால், தன் கவிதையை ஏற்காத கிளாராவை, மணப்பதாக உறுதி செய்திருந்த அப்பெண்ணை, அவன் முன்பே உயிரற்ற எந்திரம் என ஏசியவன்! உண்மை வெளிப்பட்டபின் அந்நகரத்துக் காதலர் சிலர், தம் காதலியர் சற்றே தாளம் தவறிப் பாடவேண்டும், தாம் படித்துக் காட்டும்போது பின்னல் வேலையும் செய்யவேண்டும் என விரும்பினராம். இவ்வெள்ளலை நாம் வகுப்பறையில் விரைந்து கடந்துவிடலாகாது. பொறியைப் பற்றிய கதை என்பதைவிட, மறுமொழி கேட்கப் பொறாத ஆடவனைப் பற்றிய கதை என்றே இதனைக் கொள்ளத் தோன்றுகிறது.

1886இல் பிரெஞ்சு எழுத்தாளர் வில்லியேர் ‘வருங்கால ஏவாள்’ என்னும் புதினத்தில் அவ்வாடவனின் விருப்பத்தையே நிறைவேற்றி வைத்தார். பிரபு எவால்டு, அலிசியாவின் அழகை விரும்பி அறிவை இகழ்கிறான். அப்போது உயிரோடிருந்த எடிசனே கதைமாந்தராக வந்து, அவளுடைய உருவில் ஹதாலி என்னும் பொறிப்பெண்ணைச் செய்து தருகிறார். அவள் பேசுவனவெல்லாம் தங்க ஒலிப்பதிவுக் கருவிகளில் முன்னரே பதிந்த சொற்கள். ‘ஆண்ட்ராய்டு’ என்னும் சொல் இலக்கியத்தில் பரவியதில் இந்நூலுக்குப் பெரும்பங்கு உண்டு. பெண்ணை இழிவுபடுத்தும் பகுதிகள் இதில் மிகுதி, ஆயினும் கற்பதற்குரியதே.

செக் நாடகாசிரியர் காரெல் சாப்பெக் 1920இல் ‘ரோபோ’ என்னும் சொல்லை உலகுக்களித்த நாடகத்தில், காதல் மனிதரிடமிருந்து நழுவிவிடுகிறது. அறுத்து ஆராயப்போவதாக அச்சுறுத்தப்படும்போது, பிரைமஸ், ஹெலனா என்னும் இரு ரோபோக்களும் ஒருவருக்காக ஒருவர் உயிர்விட முன்வருகின்றனர்.

தமிழில், 2010இல் வெளிவந்த ‘எந்திரன்’ திரைப்படம் ஹோஃப்மானின் கதையைத் தலைகீழாக்குகிறது. இங்கே காதலை வேண்டுவது பொறி; மறுப்பவள் பெண். அறிவியலாளர் வசீகரன் சிட்டிக்கு உணர்வைக் கற்பித்தார். மறுப்பை ஏற்கக் கற்பிக்கவில்லை.