அமைச்சரும் நீதிமன்ற ஆணையும்



தன் மகனைத் தேர்க்காலில் இட்டு நீதி காத்த சோழனின் கதையைக் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். அக்கதையைப் பயில்கின்ற மாணவன் ஒருவன் வினவக்கூடிய வினாவொன்று உண்டு. ஆராய்ச்சி மணியின் ஓசையைக் கேட்டும் அரசன் வாளாவிருந்திருப்பின், அப்பசுவுக்கு நீதி வழங்குவார் யார்? இவ்வினாவையொத்த வழக்கொன்று 1991ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் எழுந்தது. அதன் வரலாற்றையே இன்று கூற விழைகின்றேன்.

ஆபிரிக்காவில் அந்நாளிற் சயர் என வழங்கிய நாட்டைச் சேர்ந்த ஆசிரியர் ஒருவர், 1990இல் இங்கிலாந்தை அடைந்து அரசியற் புகலிடம் கோரினார். வழக்கேடுகள் அவரை ‘எம்’ என்னும் எழுத்தினாலேயே குறிக்கின்றன. அவரது விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. 1991 மே 1ஆம் நாள் மாலை, அவரை நாடுகடத்தும் வேளை நெருங்கியபோது, அவர் சார்பில் நீதியரசர் கார்லண்டிடம் புதிய விண்ணப்பமொன்று செய்யப்பட்டது. விசாரணை நிகழும் வரை அவர் அனுப்பப்படமாட்டார் என அரச தரப்புச் சட்டத்தரணி உறுதியளித்ததாகவே நீதியரசர் விளங்கிக்கொண்டார். ஆயினும் அன்று மாலையே அவ்வாசிரியர் விமானமேற்றப்பட்டு, பாரிஸ் மார்க்கமாகத் தாய்நாட்டுக்கு அனுப்பப்பட்டார்.

செய்தியறிந்த நீதியரசர், அவரைத் திருப்பிக் கொணருமாறு அன்றிரவே ஆணையிட்டார். அதிகாரிகளும் அதற்கு ஒழுங்கு செய்தனர். ஆனால் மறுநாள், உள்நாட்டமைச்சர் கெனத் பேக்கர் அவ்வொழுங்கை இரத்துச் செய்தார். முடியின் அமைச்சருக்கு எதிராக இத்தகைய ஆணை பிறப்பிக்க நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை என்பதே அவருக்குக் கிடைத்த சட்ட ஆலோசனை. மே 3ஆம் நாள் அதே காரணத்தை ஏற்று நீதியரசரும் தம் ஆணையை நீக்கினார்.

அத்துடன் வழக்கு முடிந்துவிடவில்லை. ஆணை நீக்கப்படுவதற்கு முன்னரே அதனை மீறியது நீதிமன்ற அவமதிப்பாகாதா என்னும் கேள்வி எஞ்சி நின்றது. முதல் நீதிமன்றம் ஆகாதென்றது. 1991 நவம்பரில் மேன்முறையீட்டு நீதிமன்றம் ஆகுமென்றது. அமைச்சர் பேக்கரையே குற்றவாளியாகக் கண்டது. பதவியிலிருக்கும் அமைச்சர் ஒருவர் அவ்வாறு காணப்பட்டது அந்நாட்டில் அதுவே முதன்முறை.

வழக்கு பிரபுக்கள் சபைக்குச் சென்றது. நீதிமன்றங்கள் முடியின் பெயரால் இயங்குவன. முடி தன்னைத்தானே அவமதித்தல் எங்ஙனம் எனும் பழைய வாதம் அங்கே எடுத்துரைக்கப்பட்டது. 1993 யூலை 27ஆம் நாள் சபை தீர்ப்பளித்தது. முடி வேறு, முடியின் பெயரால் அதிகாரஞ் செலுத்தும் அமைச்சர் வேறு. அமைச்சர் ஆணைக்குக் கட்டுப்பட்டவரே என வூல்ஃப் பிரபு விளக்கினார். அரசாங்கம் சட்டத்துக்குப் பணிவது அதன் தயவினால் என்று கொள்வோமாயின், பதினேழாம் நூற்றாண்டின் உள்நாட்டுப் போரில் முடியாட்சிக்கெதிராகக் கிடைத்த முடிவையே தலைகீழாக்கியவராவோம் என்னும் கருத்தை டெம்பிள்மன் பிரபு வெளியிட்டார். குற்றத்தீர்ப்பு மட்டும் பேக்கர் என்னும் தனிமனிதர் மீதன்றி, உள்நாட்டமைச்சர் என்னும் பதவியின் மீது சார்த்தப்பட்டது.

சிறையோ தண்டப்பணமோ விதிக்கப்படவில்லை. அவ்வாறாயின் பயன் யாதெனச் சிலர் கேட்கலாம். ஆணை தவறென்று கருதும் அமைச்சர் அதனை நீக்குமாறு நீதிமன்றத்திடம் முறையிடலாம். நீக்கப்படும் வரை அதற்குப் பணிதல் வேண்டும். தம் வழக்கில் தாமே நீதிபதியாக அவருக்கு உரிமையில்லை. இந்நெறியை ஐயத்துக்கிடமின்றி நிலைநாட்டியதே இத்தீர்ப்பின் பயன்.

எனினும் ஒன்றை மறத்தலாகாது. அந்த ஆசிரியர் அன்று ஏறவேண்டியிருந்த மீள்விமானம் அவரின்றியே போயிற்று. ஈராண்டுகளுக்குப் பின் வந்த தீர்ப்பினால் அதனைத் திருப்பி அழைக்க இயலவில்லை. சோழன் தன் நற்குணத்தால் மணியோசைக்குச் செவிசாய்த்தான். நற்குணம் எல்லா ஆட்சியாளரிடத்தும் அமைவதன்று. ஆதலினாலேயே, கேட்க விரும்பாதவரும் கேட்டே தீரவேண்டிய மணியொன்று நாட்டுக்கு வேண்டப்படுகின்றது. அது ஒலிக்கும் கணத்திலேயே செவிசாய்த்தலும் வேண்டப்படுகின்றது.